உரோமப் பேரரசர் வழிபாடும் ஆதிக் கிறிஸ்தவத்தின் மொழியும்: ஒரு சமூக வரலாற்று நோக்கு

1

ஆதிக் கிறிஸ்தவத்திற்கும் உரோமப் பேரரசர் வழிபாட்டிற்குமிடையே நிலவிய உறவினை ஆராய்ந்தோர் பொதுவாக இருவேறு நிலைப்பாடுகளை மேற்கொண்டு வந்துள்ளனர். திருச்சபை சார்ந்த வரலாற்றாசிரியர் பலர் இவ்விரண்டையும் முற்றிலும் முரணானவையாகவே கண்டனர். பேரரசர் வழிபாடு முகத்துதியிற் பிறந்த போலிச் சமயம். கிறிஸ்தவமோ அதனை எதிர்த்து இரத்தஞ் சிந்திய மெய்ச் சமயம் என்பது அவர்தம் கருத்தாகும். இதற்கு மாறாக, பகுத்தறிவுவாத எழுத்துக்கள் சிலவற்றிற் கிறிஸ்து பற்றிய கோட்பாடு சீசர் வழிபாட்டின் நகலேயெனக் கொள்ளப்பட்டது. எதிரெதிரானவையாகத் தோன்றும் இவ்விரு நிலைப்பாடுகளுக்கும் அடிப்படையான குறைபாடொன்று பொதுவாயுள்ளது. சமயக் கருத்துக்களையும் சொற்களையும் அவற்றை வழங்கிய மாந்தரின் சமூக நிலைமைகளிலிருந்து பிரித்து, அவை தாமே தம்முட் போரிடுவன போலவும் ஒன்றிலிருந்தொன்று பிறப்பன போலவும் இவை கருதுகின்றன.

1908 ஆம் ஆண்டில் ஜெர்மன் மொழியில் வெளிவந்த இரு நூல்கள் இவ்வகையில் நினைவுகூரத்தக்கன. கார்ல் காவுட்ஸ்கி கிறிஸ்தவத்தின் தோற்றம் பற்றி எழுதிய நூலில், அடிமை உடைமைச் சமுதாயத்தின் நெருக்கடியிலிருந்து அச்சமயம் முகிழ்த்த வரலாற்றை விளக்கினார். புரட்டஸ்தாந்து இறையியலாளரான அடொல்ப் டைஸ்மன், "கிழக்கிலிருந்து ஒளி" என்னும் நூலில், எகிப்தியப் பப்பைரசு ஏடுகளையும் சின்னாசியக் கல்வெட்டுக்களையும் துணைக்கொண்டு, புதிய ஏற்பாட்டின் மொழி சாதாரண மக்களின் அன்றாடக் கிரேக்கமே என்பதையும், அதிற் கிறிஸ்துவுக்கு வழங்கப்பெறும் பட்டங்கள் பல சீசருக்கு வழங்கப்பட்டவையே என்பதையும் எடுத்துக்காட்டினார். முன்னவர் வர்க்கத்தை நோக்கினார். பின்னவர் மொழியை நோக்கினார். இரண்டையும் இணைத்து நோக்கும்பொழுதே சொற்களின் உடைமை பற்றிய போராட்டமொன்று நமக்குப் புலனாகின்றது. அப்போராட்டத்தின் போக்கினையும் முடிவினையும் ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

2

பேரரசர் வழிபாடு உரோமிலிருந்து ஆணையிட்டுத் திணிக்கப்பட்டது என்னும் எண்ணம் பரவலாக உண்டு. சான்றுகள் இதற்கு ஆதரவாயில்லை. அலெக்சாந்தரின் காலந்தொட்டே கிரேக்க நகரங்கள் தம்மை ஆண்ட மன்னர்களுக்குத் தெய்வங்களுக்குரிய சிறப்புக்களை அளித்து வந்தன. உரோம ஆதிக்கம் பரவியபோது அம்மரபு புதிய தலைவனைச் சார்ந்துகொண்டது. கி.மு. 42 இல் உரோமச் செனற் சபை, கொலையுண்ட யூலியஸ் சீசரைத் தெய்வமென அறிவித்தது. அவருடைய தத்துப் புதல்வரான ஒக்டேவியன், பின்னாளில் ஒகஸ்டஸ் எனப்பட்டவர், 'தெய்வத்தின் மைந்தன்' என்னும் பட்டத்தைத் தமதாக்கிக்கொண்டார். கி.மு. 29 இல் ஆசிய, பித்தினிய மாகாணங்களைச் சேர்ந்த கிரேக்கர், முறையே பெர்கமுவிலும் நிக்கொமேதியாவிலும் தமக்கு வழிபாட்டிடம் அமைப்பதற்கு அவர் இசைவளித்தார். இசைவளித்தார் என்பது மனங்கொள்ளத்தக்கது. வேண்டி நின்றோர் மாகாணத்தாரே.

அவ்வாறு வேண்டி நின்றோர் யாவர் என்பதே அடுத்து எழும் வினாவாகும். ஆசிய மாகாணத்து நகரங்களின் பிரதிநிதிகள் கூடிய பேரவை, ஒகஸ்டசுக்குரிய மிகச்சிறந்த சிறப்பினைக் கண்டு கூறுவோருக்கு முடியொன்று பரிசளிப்பதெனத் தீர்மானித்திருந்தது. மாகாண ஆளுநரான போலஸ் பேபியஸ் மக்சிமஸ், பேரரசரின் பிறந்தநாளாகிய செப்டெம்பர் 23 ஐ ஆண்டின் முதல் நாளாகக் கொள்ளலாமென ஆலோசனை கூறி அம்முடியைப் பெற்றார். கி.மு. 9 அளவில் நிறைவேறிய இத்தீர்மானம் பிரியேனே முதலிய நகரங்களிற் கல்லிற் பொறிக்கப்பட்டது. கி.பி. 26 இல், திபேரியஸ் பேரரசருக்குக் கோயில் கட்டும் உரிமைக்காகப் பதினொரு நகரங்கள் செனற் சபையின் முன் வாதாடின. சிமிர்னா வெற்றி பெற்றது. இப்பேரவைகளிலும் தூதுக்குழுக்களிலும் இடம்பெற்றோர் நிலவுடைமையாளரான நகரப் பெருங்குடியினர். தம் நகரங்களின் அரசியற் சுதந்திரத்தை இழந்துவிட்ட இக்குடியினர், உரோமப் படைவலியின் நிழலிலேயே தம் உடைமைகளையும் உள்ளூர்த் தலைமையையும் காத்துக்கொண்டனர். பேரரசர் கோயிலின் பூசகர் பதவி அவர்களுக்குரியது. விழாக்களின் செலவை ஏற்று, பலியிட்ட இறைச்சியைப் பங்கிட்டு, விளையாட்டுக்களை நடாத்தி, அவர்கள் தம் மேன்மையை நகரத்தார் கண்முன் நிலைநாட்டினர். இத்தாலியிலும் மேற்கு மாகாணங்களிலும் விடுதலை பெற்ற அடிமைகளுட் செல்வம் சேர்த்தோர், 'ஒகஸ்டாலஸ்' என்னும் குழுவிற் சேர்ந்து சமூக மதிப்பைப் பெற்றனர். சமூகத்தின் ஒவ்வொரு படியினரையும் அவரவர் இடத்தில் நிறுத்திக் காட்டும் சடங்காக இவ்வழிபாடு இயங்கிற்று எனலாம். 1984 இல் வெளிவந்த சைமன் பிரைசின் ஆய்வு, சின்னாசியாவில் இச்சடங்குகள் ஆதிக்க உறவுகளையே ஆக்கிய விதத்தை வற்புறுத்தியமை இங்கு குறிப்பிடத்தக்கது.

இச்சடங்கின் இருமுகத்தை இரு நிகழ்ச்சிகள் விளக்குகின்றன. பிரித்தானியாவிற் கமுலொடூனம் என்னுமிடத்தில் குளோடியசுக்கு எடுக்கப்பெற்ற கோயிலை அந்நாட்டு மக்கள் நிரந்தர அடிமைத்தனத்தின் கோட்டையாகக் கண்டனர் என்றும், பூசகராக அமர்த்தப்பட்ட உள்ளூரார் சமயத்தின் பெயரால் தம் செல்வமனைத்தையும் இறைக்க நேர்ந்தது என்றும் வரலாற்றாசிரியர் தசிற்றஸ் எழுதுகின்றார். கி.பி. 60 அளவில் பொடிக்கா தலைமையிற் கிளர்ந்தோர் அக்கோயிலை அழித்தனர். ஆயினும் எல்லா ஒடுக்கப்பட்டோரும் இதனை இவ்வாறே நோக்கினர் என்பதற்கில்லை. பித்தினியாவை ஆண்ட பிளினி திராஜனுக்கு எழுதிய கடிதமொன்றிலே கலிட்ரொமஸ் என்னும் ஒருவனைப் பற்றிய செய்தி வருகின்றது. முன்னர் அடிமையாயிருந்த அவன், பாண் சுடுவோர் இருவரிடம் வேலைக்கமர்ந்து, அவர்களாற் பலவந்தமாகத் தடுத்து வைக்கப்பட்டபோது, திராஜனின் சிலையிடம் ஓடித் தஞ்சம் புகுந்தான். அண்மையிலுள்ள எசமானின் கொடுமைக்குத் தொலைவிலுள்ள பேரெசமானே புகலிடம் என்னும் மயக்கத்தை வளர்த்தமையே இவ்வழிபாட்டின் வலிமையாகும். வெறும் பொய்யாக மட்டும் இருந்திருப்பின் அது மூன்று நூற்றாண்டு நிலைத்திராது.

3

இத்தகைய சூழலிலேயே கிறிஸ்தவம் கிரேக்க மொழி பேசிய நகரங்களிற் பரவிற்று. 'சுவிசேஷம்' அல்லது 'நற்செய்தி' என நாம் வழங்கும் சொல்லின் கிரேக்க மூலம் 'எவாங்கேலியன்' என்பது. பிரியேனே கல்வெட்டில் இச்சொல் பன்மை வடிவிற் காணப்படுகின்றது. தெய்வமாகிய ஒகஸ்டசின் பிறப்பே உலகிற்கு நற்செய்திகளின் தொடக்கம் என்பது அதன் கருத்து; அதே தீர்மானம் அவரை இரட்சகர் என்றும் போற்றுகின்றது. 'கூரியொஸ்' என்னும் சொல்லைத் தமிழ் விவிலியங்கள் கர்த்தர் என்றும் ஆண்டவர் என்றும் தருகின்றன. கி.பி. 67 ஐச் சேர்ந்த கிரேக்கக் கல்வெட்டொன்று நீரோவை உலகனைத்தின் கூரியொஸ் என்கின்றது. ஆளுதல் என்னும் வினையடியிற் பிறந்த ஆண்டவர் என்னுஞ் சொல்லைக் கடவுளுக்கும், கோவின் இல்லத்தைக் குறித்த கோயில் என்னுஞ் சொல்லைக் கடவுளின் உறைவிடத்திற்கும் வழங்கும் நமக்கு, இச்சொற் பெயர்ச்சியின் இயல்பு விளங்காததன்று.

கிறிஸ்துவின் மறுவருகையைக் குறிக்கும் 'பரூசியா' என்னுஞ் சொல் மேலும் நுணுகி நோக்கற்பாலது. மன்னரோ உயர் அதிகாரியோ ஊருக்கு எழுந்தருளுவதைக் குறித்த சொல் அது. எகிப்தியப் பப்பைரசு ஏடுகளில், அரசனின் பரூசியாவிற்கெனத் தானியமும் பொருளும் அறவிடப்பட்ட செய்திகள் உள்ளன. குடியானவனைப் பொறுத்தவரையில் ஆட்சியாளனின் எழுந்தருளுகை என்பது வரிச்சுமையே. அச்சொல்லைக் கொண்டே, எதனையும் பறிக்க வராத ஒருவனின் வருகையை முதற் கிறிஸ்தவர் எதிர்நோக்கினர்.

இச்சொற்கள் யாவும் சீசர் வழிபாட்டிலிருந்தே பெறப்பட்டன என்று கொள்வது தவறாகும். யூத மறைநூல்களின் கிரேக்க மொழிபெயர்ப்பிற் கடவுளைக் குறிக்கும் சொல்லும் கூரியொஸ் என்பதேயாம். நற்செய்தி அறிவித்தல் என்னும் வழக்கும் ஏசாயாவின் நூலில் உண்டு. யூத மரபிலிருந்து வந்த சொற்கள், எபேசிலோ கொரிந்துவிலோ ஒலித்தபொழுது சீசரின் பட்டங்களாகவும் கேட்டன என்பதே பொருத்தமானது. இவ்விரட்டை ஒலியே அவற்றின் அரசியல் ஆற்றலாகும்.

சொற்கள் ஒன்றாயினும் அவை சுட்டிய பொருள் வேறு. சிலுவை, உரோமச் சமுதாயத்தில் அடிமைகளுக்கும் கிளர்ச்சிக்காரருக்கும் உரிய தண்டனை. பிலிப்பியருக்கு எழுதிய நிருபத்திற் பவுல், அடிமையின் வடிவெடுத்துச் சிலுவையில் மாண்ட ஒருவனுக்கே எல்லா நாவும் கூரியொஸ் எனும் பெயரை அறிக்கையிடும் என்கின்றார். உரோம ஆளுநனால் அடிமைக்குரிய சாவு விதிக்கப்பட்டவனுக்கு உரோமப் பேரரசனின் பட்டத்தைச் சூட்டுதல் நகலெடுத்தல் அன்று. ஆளும் வர்க்கத்தின் மிக உயர்ந்த சொல், அவ்வர்க்கம் மிகத் தாழ்ந்ததெனக் கருதிய இடத்திற் பொருத்தப்பட்டது.

4

இம்முரண்பாடு வெளிப்படையான மோதலாக வெடித்த இடங்கள் சில. யூதேயாவில் எருசலேம் ஆலயத்திலே பேரரசருக்காக நாடோறும் பலி செலுத்தப்பட்டு வந்தது. கி.பி. 66 இல் அது நிறுத்தப்பட்டமையே உரோமுக்கெதிரான பெரும் போரின் தொடக்கமாயிற்று. ஆசிய மாகாணத்தில் எழுதப்பட்ட வெளிப்படுத்தின விசேஷம் ஏழு சபைகளை விளிக்கின்றது. அவற்றுள் முதலில் வருவன எபேசு, சிமிர்னா, பெர்கமு ஆகியன. பெர்கமுவில் ஒகஸ்டசுக்கும், சிமிர்னாவில் திபேரியசுக்கும், எபேசில் தொமிஷியன் காலத்திலும் எழுப்பப்பட்ட மாகாணக் கோயில்கள் இம்மூன்று நகரங்களிலும் இருந்தன. இந்நூலை எங்கெல்ஸ் ஆழ்ந்து கற்றார். 1894 இல் வெளிவந்த ஆதிக் கிறிஸ்தவ வரலாறு பற்றிய கட்டுரையில், 666 என்னும் எண் நீரோவைக் குறிப்பதென்னும் விளக்கத்தை அவர் ஏற்றார். நூல் கி.பி. 68 அளவில் எழுந்ததென்பது அவர் கருத்து. தொமிஷியனின் இறுதிக் காலத்தது என்பதே இன்றைய அறிஞர் பலரின் முடிவு. எவ்வாறாயினும், விலங்கின் முத்திரை இல்லாதோர் வாங்கவும் விற்கவும் இயலாது என்னும் காட்சியும், மாநகரின் வீழ்ச்சிக்கு அழும் வணிகரின் சரக்குப் பட்டியல் பொன்னிலே தொடங்கி மனித உயிர்களிலே முடிவதும், அந்நூலாசிரியர் வழிபாட்டையும் வாணிபத்தையும் அடிமை முறையையும் ஒரே அமைப்பின் உறுப்புக்களாகக் கண்டார் என்பதற்குச் சான்றாம்.

கி.பி. 112 அளவிற் பிளினி மேற்கொண்ட விசாரணையும் இதனையே உணர்த்துகின்றது. கிறிஸ்தவரல்லர் என்று கூறியோர், தெய்வ உருவங்களுடன் வைக்கப்பட்ட திராஜனின் உருவத்திற்குத் தூபமும் மதுவும் படைத்துக் கிறிஸ்துவைப் பழிக்க வேண்டியிருந்தது. உண்மையறியும் பொருட்டு, சபையிற் பணிபுரிந்த அடிமைப் பெண்கள் இருவரைப் பிளினி வதைத்து விசாரித்தார். வெறிச்சோடியிருந்த கோயில்களுக்கு மக்கள் மீளத் தொடங்கினர், பலி இறைச்சி மறுபடியும் விலைபோகின்றது என்று அவர் மனநிறைவுடன் எழுதுகின்றார். பேரரசர் வழிபாடே துன்புறுத்தல்களுக்கு முழுமுதற் காரணமன்று; பொதுவாகத் தெய்வ வழிபாட்டை மறுத்தமையே குற்றமாயிற்று. ஆனால் விசுவாசத்தைச் சோதிக்கும் உரைகல்லாகப் பேரரசரின் உருவம் பயன்பட்டது. மேலும், கிறிஸ்தவரைக் குற்றஞ்சாட்டிக் கொணர்ந்தோர் உள்ளூராரேயன்றி ஆளுநர் அல்லர். அவர்களைத் தேடிப் பிடிக்கவேண்டாம் என்றே திராஜன் பதிலெழுதினார்.

5

இவ்வளவும் கூறியபின், போராட்டத்தின் மறுபக்கத்தையும் நோக்குதல் வேண்டும். அதிகாரத்திற்குக் கீழ்ப்படியுமாறு உரோமருக்கெழுதிய நிருபத்திற் பவுலே கூறினார். பேதுருவின் முதலாம் நிருபம் அரசனைக் கனம்பண்ணுமாறும், அடிமைகள் முரட்டு எசமானருக்கும் பணியுமாறும் போதிக்கின்றது. வெய்ன் மீக்ஸ் 1983 இல் வெளியிட்ட ஆய்வு காட்டுவதுபோல, பவுலின் சபைகளிற் கைவினைஞரும் அடிமைகளும் மட்டுமன்றி, வீடும் பொருளும் உடையோரும் இருந்தனர். சபை கூடியது அவர்களின் இல்லங்களிலேயே. காலப்போக்கில் இவ்வுடைமையாளரின் செல்வாக்கு வளர்ந்தது. கி.பி. 197 அளவில் எழுதிய தெர்த்துல்லியன், பேரரசரைக் கடவுளென்று அழைக்க மறுத்த அதேவேளையில், அவரை அமர்த்தியவர் தம் கடவுளே ஆதலால் அவர் கிறிஸ்தவருக்கே கூடுதலாக உரியவர் என்று வாதிட்டார். தெய்வமாயிருந்த பேரரசன் தெய்வத்தால் நியமிக்கப்பட்டவனாக மாறுவதற்கான வாயில் இங்கேயே திறக்கப்பட்டுவிட்டது.

கொன்ஸ்ரன்ரைன் காலத்தில் அம்மாற்றம் நிறைவெய்திற்று. கி.பி. 336 இல், அவரது ஆட்சியின் முப்பதாம் ஆண்டு விழாவில் உரையாற்றிய ஆயர் யுசேபியஸ், வானத்தில் ஒரே கடவுள் ஆள்வதுபோல மண்ணில் ஒரே பேரரசன் ஆள்கின்றான் என்னும் கோட்பாட்டை விரித்தார். அதே பேரரசர், பலிகள் இடம்பெறலாகாது என்னும் நிபந்தனையோடு, இத்தாலியின் ஹிஸ்பெல்லம் நகரில் தம் குலத்துக்கு ஒரு கோயில் எழுப்ப இசைவளித்திருந்தார். கி.பி. 337 இல் இறந்தபொழுது, பன்னிரு அப்போஸ்தலரின் நினைவுச் சின்னங்களின் நடுவே அடக்கம் செய்யப்பட்டார்; பழைய முறைப்படி 'தெய்வமானவர்' என்னும் பட்டமும் நாணயங்களில் அவருக்கு வழங்கப்பட்டது. பேரரசர் வழிபாட்டைக் கிறிஸ்தவம் வென்றது என்பர். அதன் சடங்கை வென்றது உண்மை. அதன் சமூகப் பணியைப் பெரிதும் தானே ஏற்றுக்கொண்டது என்பதும் உண்மை.

6

மேற்கூறியவற்றிலிருந்து நாம் பெறக்கூடிய முடிவு இதுவாகும். ஒடுக்கப்பட்டோர் தமக்கெனத் தனி மொழியொன்றைப் படைத்துக்கொள்வதில்லை; ஆளுவோரின் சொற்களையே கைப்பற்றி, தம் வாழ்நிலையின் பொருளை அவற்றில் ஏற்றுகின்றனர். அப்பொருளைக் காப்பது சொல்லின் தூய்மையன்று. அதனை வழங்கும் இயக்கத்தின் வர்க்கத் தன்மையே. அத்தன்மை மாறியபொழுது, அடிமையின் சாவெய்தியவனுக்குச் சூட்டப்பட்ட ஆண்டவர் என்னும் பட்டம் மீண்டும் அரண்மனைக்குத் திரும்பியது.

எனினும் அது முற்றாகத் திரும்பிவிடவில்லை. யுசேபியசே ஐயத்துடன் நோக்கிய வெளிப்படுத்தின விசேஷம் திருமறையினுள் நிலைத்துவிட்டது. 1525 இல் ஜெர்மனியக் குடியானவரின் போரிலே தோமஸ் மூன்சர் பிரபுக்களுக்கெதிராக விவிலியத்தின் இறுதிக்காலத் தரிசனங்களையே ஆயுதமாகக் கொண்டார் என்பதை எங்கெல்ஸ் 1850 இல் எழுதிய நூல் விளக்குகின்றது. பேரரசின் சமயமாகியபின்னரும் பேரரசுக்கு எதிரான சொற்கள் அதனுள் எஞ்சியிருந்தன. சமய வரலாற்றை ஆராயும் முற்போக்காளர், ஆளுவோர் அச்சொற்களைக் கையாண்ட விதத்தோடு நின்றுவிடாது, அவற்றை மீட்க முயன்றோரின் வரலாற்றையும் எழுதுதல் வேண்டும்.