இரண்டு பழைய லாடங்கள்

1812-ஆம் ஆண்டு ஆகஸ்ட் மாதம் 22-ஆம் நாள். இன்றைய ஜோர்டான் நாட்டின் தெற்கே, வாதி மூஸாப் பள்ளத்தாக்கில் எல்ஜி என்னும் சிற்றூர். அங்கே ஒருவர் வழிகாட்டியாக அமர்த்தப்படுகிறார். கூலி, இரண்டு பழைய குதிரை லாடங்கள். அமர்த்தியவர் தம்மை ஷேக் இப்ராஹிம் இப்னு அப்துல்லா என்று சொல்லிக்கொண்டார். உண்மையில் அவர் யோஹன் லுட்விக் பர்க்ஹார்ட் என்னும் சுவிட்சர்லாந்துக்காரர். நைஜர் நதியைப் பற்றி அறிந்துவர லண்டனிலிருந்த ஆப்பிரிக்கச் சங்கம் அவரை அனுப்பியிருந்தது. அலெப்போவில் தங்கி அரபு மொழி கற்றுத் தேர்ந்தபின் எகிப்தை நோக்கிப் போய்க்கொண்டிருந்தவரின் காதில், இந்த மலைகளுக்கு நடுவே பழங்கட்டடங்கள் இருப்பதாகச் செய்தி விழுந்தது. வேற்றாள் ஒருவன் இடிபாடுகளைப் பார்க்க வேண்டும் என்று கேட்டால், புதையல் தேடி வந்தவன் என்றுதான் நினைப்பார்கள். ஆகவே ஹாரூன் நபியின் (விவிலியத்தில் ஆரோன்) அடக்கத்தலத்துக்கு ஓர் ஆட்டை அறுத்துப் பலியிட நேர்ந்துகொண்டிருப்பதாகச் சொன்னார். நேர்த்திக்கடனை யார் தடுப்பது?

ஆட்டைச் சுமந்துகொண்டு நடந்தவர் அந்த வழிகாட்டி. தண்ணீர்த் தோற்பையைக் கொடுத்தவரும் அவரே. வழியில் குகைகளுக்குள் நுழைந்து நுழைந்து பார்க்கும் 'ஷேக்'கின் மேல் அவருக்குச் சந்தேகம் வந்துவிட்டது. நீ புதையலுக்குத்தான் வந்திருக்கிறாய் என்று முகத்துக்கு நேரே சொல்லியும் விட்டார். பொழுது சாய்ந்தபோது அடக்கத்தலம் கண்ணில் படும் ஒரு மேட்டு வெளியிலேயே ஆட்டை அறுத்தார்கள். வழிகாட்டி பிரார்த்தனை சொன்னார், சிந்திய இரத்தத்தைக் கற்களைக் குவித்து மூடினார். தீ வெளிச்சம் கொள்ளையரை அழைத்துவிடும் என்று அவர் அஞ்சியதால், அவசரமாகக் கறியைச் சமைத்து உண்டுவிட்டு, இருவரும் திரும்பிவிட்டார்கள். தான் பார்த்தது பண்டைய பெட்ராவாக இருக்கலாம், முடிவைக் கிரேக்கம் அறிந்த அறிஞர்களுக்கு விட்டுவிடுகிறேன் என்ற அளவில் பர்க்ஹார்ட் அடக்கமாகவே எழுதினார். 1817-இல் கெய்ரோவில் இறந்தார். அந்தப் பயணக் குறிப்புகள் 1822-இல் நூலாயின. உலகம் அந்த ஆகஸ்ட் நாளைப் பெட்ரா 'கண்டுபிடிக்கப்பட்ட' நாள் என்று குறித்துக்கொண்டது. லாடங்கள் எத்தனை என்று எழுதிவைத்த பர்க்ஹார்ட், அவற்றை வாங்கிக்கொண்டவரின் பெயரை எழுதிவைக்கவில்லை.

பெட்ராவுக்கு வழக்கமாகப் போகிறவர்கள் அனைவரும் பர்க்ஹார்ட் போன தடத்திலேதான் போகிறார்கள். 'சீக்' எனப்படும் நீண்ட பாறை இடுக்கு, ஒரு கிலோமீட்டருக்கும் சற்று அதிகம்; இருபுறமும் வானை மறைக்கும் சுவர்கள்; வளைந்து வளைந்து போய், கடைசி வளைவில் ஒரு கீற்று வெளிச்சம்; அதில் 'அல் கஸ்னா' என்னும் கருவூலத்தின் முகப்பு. 1989-இல் வந்த இண்டியானா ஜோன்ஸ் படத்துக்குப் பிறகு அந்தக் காட்சியை அறியாதவர் குறைவு. ஒவ்வொரு நாளும் ஆயிரக்கணக்கானோர் அந்த வளைவில் நின்று பெட்ராவைப் புதிதாகக் கண்டுபிடிக்கிறார்கள்.

நாங்கள் பின்வாசல் வழியாகப் போனோம். உயர்ந்த நோக்கம் எதுவும் இல்லை. கூட்டத்துக்கு அஞ்சினோம், அவ்வளவே. வாதி மூஸா ஊரிலிருந்து வடக்கே சில கிலோமீட்டரில் 'சின்ன பெட்ரா' என்று அழைக்கப்படும் சீக் அல் பாரித் இருக்கிறது. அங்கிருந்து மலை விளிம்புகளைப் பற்றிக்கொண்டு சுமார் மூன்று மணி நேரம் நடந்தால் பெட்ராவின் மேற்கோடியில் உள்ள 'அத் தெய்ர்' முகப்பின் பக்கவாட்டில் இறங்கலாம். பாதை சில இடங்களில் பாதையே அல்ல. துணைக்கு உம் சைஹூன் ஊரைச் சேர்ந்த ஒருவரை அமர்த்திக்கொண்டோம். ஐம்பதைத் தாண்டியவர், பிதூல் குலத்தவர். பிதூல்கள் பெதூயின்கள், நம்மூர் இஸ்லாமியத் தமிழ் நூல்கள் 'நாட்டரபிகள்' என்று அழகாகக் குறிப்பிடும் மேய்ச்சல் மக்கள்.

சீக் அல் பாரித் என்றால் குளிர்ந்த இடுக்கு. வெயில் அதிகம் புகாத அந்தச் சிறு பள்ளத்தில், படியேறிப் போனால், நபதேயர் காலத்து விருந்து அறை ஒன்றின் கூரையில் ஓவியம் இருக்கிறது. திராட்சைக் கொடிகள், பூக்கள், பறவைகள், குழல் ஊதும் சிறு பிள்ளைகள். நபதேயர் ஓவியத்தில் இவ்வளவு எஞ்சியிருப்பது அரிது. பல தலைமுறைகளாக அங்கே தங்கியவர்கள் மூட்டிய அடுப்புப் புகை அதன்மேல் கரியாகப் படிந்திருந்தது. லண்டன் கோர்டால்ட் கலைநிறுவனத்தின் வல்லுநர்கள் சில ஆண்டுகள் உழைத்து அதை நீக்கினார்கள். நீக்கியது சரிதான்; அந்தப் பறவைகளைப் பார்த்தவர் யாரும் வேண்டாம் என்று சொல்லமாட்டார். ஆனால் அந்தக் கரியும் ஒரு வரலாற்று ஆவணம் என்று எங்களுக்குத் தோன்றியது. 'கைவிடப்பட்ட நகரம்' என்று ஏடுகள் சொல்லிவந்த அத்தனை நூற்றாண்டுகளிலும் இங்கே யாரோ சோறு ஆக்கிக்கொண்டிருந்தார்கள் என்பதற்கான ஆவணம்.

அங்கிருந்து சிறிது தூரத்தில் பைதாவின் புதிய கற்கால ஊர். டயானா கிர்க்பிரைட் என்ற ஆங்கிலேயத் தொல்லியலாளர் 1958 முதல் அகழ்ந்த இடம். சுமார் 9000 ஆண்டுகளுக்கு முன் வாழ்ந்தவர்களின் வீடுகள். முதலில் வட்டமாகக் கட்டியவர்கள் பின்னர் சதுரத்துக்கு மாறியதை அடித்தளங்களில் காணலாம். சீக் வழியாகச் செல்லும் பயணிகளில் மிகச் சிலரே இங்கே வருகிறார்கள். முழங்கால் உயரக் கற்சுவர்களுக்கும் நாற்பது மீட்டர் முகப்புக்கும் போட்டி வைத்தால் முடிவு தெரிந்ததே.

பிறகு ஏற்றம். இடது கைப்பக்கம் மணற்பாறை, வலது பக்கம் வாதி அரபாவின் பெரும்பள்ளம் நீலப்புகையில் மூழ்கிக் கிடந்தது. ஓரிடத்தில் வழிகாட்டி நின்று, பாறையில் வெட்டிய ஒரு சிறு கால்வாயைக் காலால் காட்டினார். நீர் எங்கே போகிறது என்று தேடினால், பாறைக்குள் குடைந்த தொட்டி. மழை எப்போதோ ஒருநாள் வரும் நாட்டில், வருகிற நாளில் ஒரு சொட்டையும் விடாமல் பிடித்துவைத்த மக்கள் நபதேயர்.

இந்தத் தொட்டிகளைப் பற்றி கி.மு. முதல் நூற்றாண்டில் வாழ்ந்த கிரேக்க வரலாற்றாசிரியர் தியோதோரஸ் எழுதியிருக்கிறார். அவருக்கு முந்தைய தலைமுறை ஒன்றின் நேர்முகச் செய்தி அவர் கையில் இருந்தது. கி.மு. 312-இல் அலெக்சாந்தரின் தளபதிகளுள் ஒருவரான ஆண்டிகோனஸ், நபதேயரை அடக்கப் படை அனுப்பினார். ஆண்கள் திருவிழாச் சந்தைக்குப் போயிருந்த நேரம் பார்த்துப் படை 'பாறை'யைச் சூறையாடியது. (கிரேக்கத்தில் பெட்ரா என்றால் பாறை, பேதுரு என்ற பெயரும் அதே சொல்லடியில் பிறந்ததுதான்.) நபதேயர் துரத்திச் சென்று, இரவில் அப்படையை ஏறத்தாழ முற்றாக அழித்தார்கள். நம்மை நிறுத்தி யோசிக்க வைப்பது போரல்ல, அதையொட்டி அவர் சொல்லும் ஒரு வழக்கம். தானியம் விதைப்பதோ, கனிமரம் நடுவதோ, வீடு கட்டுவதோ நபதேயரிடையே குற்றம், தண்டனை மரணம். காரணமும் சொல்கிறார்: இவற்றை உடையவன் அவற்றை இழக்க அஞ்சி, வலியவன் சொல்வதைக் கேட்க நேரும்.

வீடு கட்டினால் கொன்றுவிடுவோம் என்ற மக்கள்தாம் பின்னர் பெட்ராவைக் கட்டினார்கள்! முந்நூறு ஆண்டுகளில் அப்படி மாறியிருக்கிறார்கள். சாம்பிராணி வாணிகம் அவர்களை மாற்றியது என்று சொல்லலாம். ஸ்டிராபோ எழுதும் காலத்தில் அங்கே கல்லால் கட்டிய விலையுயர்ந்த வீடுகள் வந்துவிட்டன. வெளிநாட்டார் பலர் குடியேறி ஓயாமல் வழக்காடுகிறார்கள், உள்ளூரார் தமக்குள் வழக்குக்கே போவதில்லை என்று ஒரு நண்பர் சொல்லக் கேட்டு அவர் எழுதியிருக்கிறார். முசிறியின் மிளகைப் பேசும் அதே பெரிப்ளஸ் நூல், செங்கடல் துறைமுகமொன்றிலிருந்து பெட்ராவுக்கு, நபதேய மன்னர் மாலிக்கஸிடம் செல்லும் வழியையும் குறிப்பிடுகிறது. (இதை வைத்துக்கொண்டு நம் மிளகு மூட்டைகள் சீக் வழியாகப் போயின என்று எழுதிவிடும் ஆசை எழாமல் இல்லை. அடக்கிக்கொண்டோம்.) கி.பி. 106-இல் டிராஜன் அந்த அரசை ரோமப் பேரரசில் சேர்த்துக்கொண்டார். 363-இல் பெரும் நிலநடுக்கம் நகரை உலுக்கியது.

நிழலுக்கு ஒதுங்கித் தேநீர் போட்டபோது வழிகாட்டி தம் கதையைச் சொன்னார். பிறந்தது பெட்ராவுக்குள் ஒரு குகையில். வாசலில் ஆடுகள், உள்ளே பாய், சுவரில் நபதேயர் குடைந்த மாடத்தில் விளக்கு. அது யாருடைய கல்லறை என்று தாத்தாவைக் கேட்டதற்கு, இப்போது நம் வீடு என்றாராம். 1985-இல் பெட்ரா உலகப் பாரம்பரியச் சின்னமாக அறிவிக்கப்பட்டது. அதே ஆண்டில் பிதூல் குடும்பங்களைக் குகைகளிலிருந்து அகற்றி, எதிரே குன்றின்மேல் அரசு கட்டிய உம் சைஹூனில் குடியேற்றினார்கள். மின்சாரம், குழாய்த் தண்ணீர், பள்ளிக்கூடம் எல்லாம் வந்தன. தம் தாயார் முதல் நாள் குழாயைத் திறந்து மூடித் திறந்து மூடி மகிழ்ந்ததை அவர் சிரித்துக்கொண்டே சொன்னார். பிள்ளைகள் பெருகினார்கள், ஊர் பரவ இடமில்லை, வீட்டின்மேல் வீடு ஏறிக்கொண்டிருக்கிறது. "குகையில் கூரை ஒழுகாது" என்றார். இது புலம்பலா கேலியா என்று எங்களால் பிரித்தறிய முடியவில்லை. அந்தக் குகை வாழ்வை அறிய விரும்புவோர், பிதூல் ஒருவரை மணந்து அங்கே குடித்தனம் நடத்திய நியூசிலாந்துப் பெண்மணி மார்கரீட் வான் கெல்டர்மால்சன் 2006-இல் வெளியிட்ட நூலைப் படிக்கலாம்.

கதை 1985-இல் முடியவில்லை. 2005-இல் யுனெஸ்கோ, பெட்ரா மற்றும் வாதி ரம் பெதூயின்களின் பண்பாட்டு வெளியை மானுடத்தின் வாய்மொழிப் பாரம்பரியப் பெருஞ்செல்வங்களுள் ஒன்றென அறிவித்தது. குகைகளிலும் கூடாரங்களிலும் வாழும் அறிவு, மேய்ச்சல் வழிகள், மூலிகை வைத்தியம், கதை சொல்லும் முறை எல்லாம் அதில் அடக்கம். குடியை இறக்கி இருபது ஆண்டுகள் கழித்து, குடியிருந்த விதத்துக்குப் பட்டயம். சின்னத்தைக் காக்க வேறு வழி இருந்ததா என்று கேட்டால் எங்களிடம் தெளிவான விடை இல்லை. குகைக்குள் எரியும் அடுப்பு மணற்பாறையைத் தின்னும் என்பது உண்மை. நாளொன்றுக்கு ஆயிரக்கணக்கான காலணிகளும் தின்னும் என்பதும் உண்மை. அவற்றை யாரும் குன்றின்மேல் குடியேற்றவில்லை.

அத் தெய்ர் திடீரென்று வந்தது. ஒரு பாறைத் தோளைச் சுற்றினோம், அவ்வளவுதான். சுமார் 47 மீட்டர் அகலம், ஏறக்குறைய அதே உயரம். பெயருக்கு மடாலயம் என்று பொருள். உள்ளே பிற்காலத்தவர் செதுக்கிய சிலுவைகளால் வந்த பெயர். மடாலயம் அன்று, தெய்வமாக வணங்கப்பட்ட ஒபோதாஸ் மன்னருக்காகக் கூடி விருந்துண்ட இடமாகலாம் என்பர். பர்க்ஹார்ட் இதைப் பார்க்கவில்லை. 1818-இல் வந்த இர்பி, மாங்கிள்ஸ் என்னும் ஆங்கிலேயக் கடற்படை அதிகாரிகள் ஹாரூன் மலையுச்சியிலிருந்து தூரத்தே இதைக் கண்டார்கள். வழி தேடி அலைந்தும் வந்து சேர முடியவில்லை. தொலைநோக்கி இருந்தது, வழி தெரிந்தவர் இல்லை.

எண்ணூறு படிகளும் எங்களுக்கு இறக்கம். எதிரே மூச்சிரைக்க ஏறிவந்தவர்கள் எங்களைப் பொறாமையுடன் பார்த்தார்கள். கீழே, தூண் வீதியை அடுத்த மேட்டில் பைசாந்தியக் கால தேவாலயம். 1993-இல் இங்கேதான் தீயில் கருகிய சுமார் 140 பாப்பிரஸ் சுருள்கள் கிடைத்தன. ஆறாம் நூற்றாண்டுக்குரியவை, கிரேக்க மொழியில் எழுதியவை. சொத்துப் பிரிவினை, வரி, வாரிசுத் தகராறு. வயல்களுக்கும் வீடுகளுக்கும் அரபுப் பெயர்கள். நிலநடுக்கத்தோடு மாண்டதாகச் சொல்லப்பட்ட ஊரில், இருநூறு ஆண்டுகள் கழித்தும் பங்காளிகள் வீட்டுக்காக வழக்காடிக்கொண்டிருந்திருக்கிறார்கள். உள்ளூரார் வழக்குக்குப் போவதில்லை என்று எழுதிய ஸ்டிராபோ பார்த்திருக்க வேண்டும். பன்னிரண்டாம் நூற்றாண்டில் சிலுவைப் போர் வீரர்கள் அருகே கோட்டை கட்டினார்கள். 1276-இல் சுல்தான் பைபர்ஸ் இவ்வழியே கடந்து போனார். இத்தனை பேர் வந்து போன இடத்தைத்தான் தொலைந்த நகரம் என்கிறோம்.

கருவூலத்தைக் கடைசியாகப் பார்த்தோம், அதுவும் முதுகுப் பக்கமிருந்து வந்து, எங்களை நோக்கி நீண்டிருந்த நூறு கைப்பேசிகளுக்கு இடையே.

சீக்கைக் கடந்து வெளியேறும்போது வழிகாட்டியிடம் லாடங்களின் கதையைச் சொன்னோம். அவர் அதுவரை கேட்டதில்லையாம். சற்று யோசித்துவிட்டு, அந்நாளில் இரும்பு விலையுயர்ந்தது, மோசமான கூலி அல்ல என்றார். பிறகு, "மிச்சக் கறியை யார் கொண்டுபோனார்கள்?" என்று கேட்டார். எங்களுக்குத் தெரியவில்லை.

பேசிய தொகையைக் கொடுத்தோம். இதைப் பற்றி எழுதப் போகிறோம், உங்கள் பெயரைக் குறிப்பிடலாமா என்று கேட்டோம். உறவுக்காரர்கள் பலர் உள்ளே தேநீர்க் கடை வைத்திருக்கிறார்கள், வேண்டாம் என்றார். குகையைப் பற்றி எழுதிக்கொள்ளுங்கள் என்று சொல்லிவிட்டு, உம் சைஹூனுக்குப் போகும் வண்டியைப் பிடிக்க விரைந்து நடந்தார்.