அம்மாயியும் ஒரு வாரப் பாடமும்

பாலசமுத்திரத்துல எங்க அம்மாயி, சாப்பிட்ட கை காயறதுக்குள்ள "இன்னும் சோறு போடல"ன்னு அழும். டிமென்ஷியா. வீட்டுக்கு வந்த நர்ஸம்மா பிரஷர் பார்த்தாங்க. இந்த மறதிக்கு அவங்களுக்கு யாரும் பாடம் எடுக்கலையாம், காசு கட்டிப் படிக்க வசதியும் இல்லையாம்.

இத்தனைக்கும் வழி 2008-லயே தெரியும். அந்த வருஷம் வெளிவந்த ஆய்வு அது. கோவாவுல டாக்டர் அமித் டயஸ் குழு, பிளஸ் டூ முடிச்ச உள்ளூர் ஆட்களுக்கு ஒரே வாரம் பயிற்சி கொடுத்து வீடுகளுக்கு அனுப்புச்சு. நோயைப் புரியவைக்கிறது, அடம் பிடிச்சா சமாளிக்கிறது... இதான் வேலை. மொத்தம் 81 குடும்பம், 6 மாசம். பார்த்துக்கிறவங்க மனபாரம் நிஜமாவே குறைஞ்சுது.

2021-ல தொடங்கின மக்களைத் தேடி மருத்துவத்துல சுகர் மாத்திரை வீட்டுக்கே வருது. அந்தப் பையைத் தூக்கிட்டு வர்றவங்களுக்கு இந்த ஒரு வாரப் பாடத்தையும் இலவசமா நடத்தினா என்னங்க?

இருங்க, அம்மாயி மறுபடியும் சோறு கேக்குது.