முள்ளுக்கே முதலில் பெயர் வந்தது

கிரேக்க மொழியில் 'எகினோஸ்' என்னும் ஒரே சொல் நிலத்தில் திரியும் முள்ளெலியையும் கடலடியில் ஊரும் முள்ளுயிரியையும் சுட்டியது. தமிழின் 'கடல் முள்ளெலி' என்ற பெயரிலும் அதே ஒப்புமையே உள்ளது. கி.மு. 4ஆம் நூற்றாண்டில் அரிஸ்டாட்டில் இவ்வுயிரியின் வகைகளைப் பிரித்துரைத்தபோது ஒரு வகையைத் தனியே குறித்தார். அதன் உடல் சிறிது; முள் பெரிது, கடினமானது. அது பல பாக ஆழத்தில் வாழ்வது; நீர்க்கடுப்புக்குச் சிலர் மருந்தாகக் கொள்வது. பிற்கால விலங்கியலார் இதனைத் தடித்த முள்கள் கொண்ட சிடாரிஸ் எனக் கருதினர்.

கி.பி. முதல் நூற்றாண்டில் மருத்துவர் டயாஸ்கோரிடிஸ் வேறொரு பொருளை விவரித்தார். அது யூதேயா நாட்டில் கிடைக்கும் கல். ஓக் மரத்தின் கொட்டை போன்ற வடிவினது. கடைசல் பிடித்தாற்போல் இணைகோடுகள் உடையது. உரைத்து வெந்நீரில் குடித்தால் சிறுநீர்ப்பைக் கல் கரையும் என்றார். இக்கல் அரபு மருத்துவத்தில் 'ஹஜருல் யஹூத்', அதாவது 'யூதக் கல்' ஆயிற்று. யுனானி வழியே இந்தியாவுக்கு வந்து, இன்றும் சிறுநீரகக் கல்லுக்கான மருந்துகளில் இடம்பெறுகிறது. இந்தியில் இதற்கு 'பேர் பத்தர்' என்று பெயர், வடமொழியில் 'பதராஷ்மம்'. இரண்டுக்கும் பொருள் 'இலந்தைக் கல்' என்பதே.

இந்தக் கல் உண்மையில் புதைபடிவமான கடல் முள்ளெலியின் முள். ஒரு பெயர் அது கிடைத்த இடத்தைச் சொல்கிறது. மற்றொன்று அதன் வடிவைச் சொல்கிறது. எந்தப் பெயரிலும் விலங்கு இல்லை.

அதற்குக் காரணம் இவ்வுயிரியின் உடலமைப்பிலேயே இருக்கிறது. ஓட்டின் மீதுள்ள ஒரு குமிழில் முள்ளின் அடிக்குழி பொருந்தி, பந்துக்கிண்ண மூட்டைப் போல் அசைகிறது. தசையும் இணைப்புத் திசுவுமே அதைப் பிடித்து வைத்திருக்கின்றன. உயிரி இறந்து திசு அழுகியதும் முள்கள் உதிர்ந்து சிதறிவிடும். கால்சைட் கனிமத்தால் ஆன தடித்த முள் எளிதில் அழியாது. ஓடு உடைந்துபோன இடத்திலும் முள் எஞ்சும். ஆகவே, மனிதர் கைக்கு முதலில் கிடைத்தது பெரும்பாலும் உடலற்ற முள்ளே.

பிரிந்தவற்றை மீண்டும் பொருத்திப் பார்க்க ஒப்பீடு தேவைப்பட்டது. 1670இல் மெஸ்ஸினாவைச் சேர்ந்த ஓவியர் அகோஸ்தினோ ஷில்லா, பாறையில் கிடைக்கும் இத்தகைய உருவங்கள் கல்லின் விளையாட்டல்ல, மெய்யான விலங்குகளின் எச்சங்களே எனப் படங்களோடு வாதிட்டார். 1734இல் டான்சிக் நகரச் செயலர் யாக்கோப் தியோடர் கிளைன் கடல் முள்ளெலிகளை வகைப்படுத்தி ஒரு நூல் வெளியிட்டார். 'முட்தோலி' எனத் தமிழ்ப் பாடநூல்கள் வழங்கும் தொகுதியின் பெயருக்கு மூலம் அந்நூலே. அதில் அவர் வகைப்பாட்டை முள்ளின் மேல் கட்டவில்லை. ஓட்டில் கழிவுத்துளை அமைந்த இடத்தின் மேல் கட்டினார். முள்களைப் பற்றித் தனியாக ஒரு சிற்றுரையை நூலோடு இணைத்தார்.

ஆயினும் பெயருரிமை அவருக்குக் கிட்டவில்லை. விலங்கியற் பெயரீட்டு விதிகள் லின்னேயஸின் 1758ஆம் ஆண்டுப் பதிப்பையே தொடக்கமாகக் கொள்கின்றன. அதற்கு முந்திய பெயர்கள் செல்லா. எனவே, கிளைன் கையாண்ட 'சிடாரிஸ்' என்ற பேரினப் பெயருக்கு இன்று உரியவராகப் பதிவாகியிருப்பவர், அவருடைய நூலை 1778இல் விரிவுபடுத்திய லெஸ்கே. பாரசீக மன்னரின் தலையணியைக் குறித்த சொல் அது.

லின்னேயஸோ கடல் முள்ளெலிகள் அனைத்தையும் 'புழுக்கள்' என்னும் பெருவகுப்பில், 'எகினஸ்' என்ற ஒரே பேரினத்தில் அடக்கினார். எகினஸ் சிடாரிஸ், எகினஸ் மாமிலாட்டஸ் என்னும் இரு தடித்த முள் இனங்களும் அங்கே அருகருகே நின்றன. 1835இல் பிராண்ட் இரண்டாவதை 'ஹெட்டரோசென்ட்ரோட்டஸ்' எனத் தனிப் பேரினமாக்கினார். டேனிய அறிஞர் மோர்டென்சன் 1928இல் தொடங்கி 1951 வரை வெளிவந்த பெருநூலின் முதல் தொகுதி முழுவதையும் சிடாரிஸ் வரிசைக்கே ஒதுக்கினார்.

இவ்விரு இனங்களையும் அருகில் வைத்து நோக்கினால் வேறுபாடு புலப்படும். சிடாரிஸின் வளர்ந்த முள்ளின் மேல் தோல் இல்லை; அதனால் பாசியும் கடற்பஞ்சும் அதில் குடியேறுகின்றன. ஹெட்டரோசென்ட்ரோட்டஸின் முள்ளை உயிருள்ள தோல் போர்த்தியிருப்பதால் அது தூய்மையாகத் தோன்றும். முன்னதற்கு வாயைச் சுற்றிப் புறச்செவுள்கள் இல்லை, பின்னதற்கு உண்டு. டெக்சஸ் மாநிலத்தில் கிடைத்து 2015இல் விவரிக்கப்பட்ட ஒரு தொல்லுயிர் எச்சம், சிடாரிஸ் வழிமரபு ஏறத்தாழ 26.8 கோடி ஆண்டுகளுக்கு முன்பே மற்றவற்றிலிருந்து பிரிந்துவிட்டதைக் காட்டியது. தடித்த முள் இவ்விரு மரபுகளிலும் தனித்தனியே தோன்றியது. ஆகவே 'தடித்த முள் கடல் முள்ளெலி' என்பது ஒரு தோற்றத்தின் பெயரே, உறவுமுறையின் பெயரன்று.

இந்து–பசிபிக் பவளத்திட்டுகளில், பகலெல்லாம் பாறைப் பிளவில் முள்களை முட்டுக்கொடுத்து ஒடுங்கிக் கிடக்கும் ஹெட்டரோசென்ட்ரோட்டஸுக்கு ஆங்கிலத்தில் வழங்கும் பெயரின் பொருள் 'பலப்ப முள்ளெலி'. அதன் முள் சிலேட்டில் எழுத உதவியதால் வந்த பெயர் அது. யூதக் கல் இடத்தால் பெயர் பெற்றது. இலந்தைக் கல் வடிவால் பெயர் பெற்றது. இது பயனால் பெற்றது. மூன்றும் முள்ளை நோக்கி இட்ட பெயர்களே. அந்த முள்ளைத் தாங்கி நின்ற உயிரி எதுவென்று கேட்ட பிறகுதான் வகைப்பாடு தொடங்கியது.