பாட்டு வேண்டாம் என்ற வித்வான்

சொந்தக் கம்பெனி ஆரம்பித்துவிட்டால் இஷ்டப்படி படம் எடுக்கலாம் என்று கோடம்பாக்கத்தில் கனவு காணாதவர் இல்லை. ரீ-ரெக்கார்டிங் தியேட்டரிலேயே தலை நரைத்தவன் நான். அந்தக் கனவோடு வரும் பிள்ளைகளுக்கு எஸ். பாலசந்தரின் கதையைத்தான் சொல்வேன்.

1927இல் பிறந்த பாலசந்தர், 1934இல் வந்த 'சீதா கல்யாணம்' படத்தில் ராவணன் சபையில் கஞ்சிரா வாசித்த சிறுவன். அப்பா, அண்ணன், அக்கா எல்லாரும் அதில் நடித்தார்கள். அண்ணன் ராஜம்தான் ராமர். பின்னாளில் பாடகராகவும் ஓவியராகவும் பெயர் பெற்றவர். தம்பி பதின்ம வயதிலேயே சென்னை வானொலிக் கலைஞர் ஆனார். வீணையைக் குரு இல்லாமல் தானாகவே கற்றார். 1948இல் 'இது நிஜமா' படத்தில் இரட்டை வேடம் போட்டார், இசையும் அவரே. அதே வருஷம் 'என் கணவர்' மூலம் இயக்குநரும் ஆனார்.

இத்தனை இசை தெரிந்தவர், 1954இல் 'அந்த நாள்' எடுத்தபோது பாட்டே வேண்டாம் என்றார். நடனமும் கிடையாது. குரோசாவாவின் 'ராஷோமான்' பார்த்த பாதிப்பில் பிறந்த கதை அது. திரைக்கதை, வசனம் ஜாவர் சீதாராமன். 1943 அக்டோபரில் ஜப்பான்காரன் சென்னையில் குண்டு போட்ட சமயம். ரேடியோ எஞ்சினியர் ராஜன் சுடப்பட்டுக் கிடக்கிறான். சிவாஜி கணேசன் படம் தொடங்கியதுமே பிணம்! பிறகு ஒவ்வொருவரும் ஒவ்வொரு விதமாக நடந்ததைச் சொல்கிறார்கள். யார் பேச்சு எங்கே இடறுகிறது என்று காதைத் தீட்டிக்கொண்டு உட்கார வேண்டும். நடுவில் ஒரு டூயட் வந்தால் அந்தக் கவனம் போயே போச்சு. எந்த இடத்தில் வாத்தியத்தை நிறுத்த வேண்டும் என்று தெரிந்தவனே நல்ல இசைக்காரன் என்பது என் கட்சி. இந்தப் படம் முழுக்க அதற்குச் சாட்சி. முதல் வெளியீட்டில் வசூல் சுமார்தான், பெயர் மட்டும் நின்றது.

இதற்குப் பணம் போட்டது ஏவி.எம். செட்டியார் என்பதைத்தான் இந்தப் பிள்ளைகள் கவனிக்க வேண்டும். பெரிய ஸ்டூடியோவால் ஒரு படத்தின் நஷ்டத்தை இன்னொரு படத்தில் சரிக்கட்ட முடியும். அந்த நிழலில்தான் பாட்டில்லாத படம் சாத்தியமாயிற்று.

அறுபதுகளில் பாலசந்தர் எஸ்.பி. கிரியேஷன்ஸ் என்ற பேரில் தானே தயாரிப்பாளர் ஆனார். 'அவனா இவன்', 'பொம்மை', 'நடு இரவில்' என மூன்றுமே மர்மப் படங்கள். மூன்றிலும் பாட்டு உண்டு. கைக்காசு போட்டவர் விநியோகஸ்தரிடம் போய் நிற்க வேண்டுமே! ஆனாலும் ஏனோதானோ என்று எதையும் செருகவில்லை. 1964இல் வந்த 'பொம்மை'யில் வெடிகுண்டை வயிற்றில் சுமந்த பொம்மை ஊரெல்லாம் கைமாறுகிறது. அதில் தெருவில் பாடுகிறவனின் குரலாக வந்தவர் யேசுதாஸ். அந்தக் குரலைத் தமிழில் முதலில் பாட வைத்தவர் பாலசந்தர்தான். படம் முடிந்ததும் பாலசந்தரே திரையில் தோன்றி, நடிகர்களோடு தொழில்நுட்பக் கலைஞர்களையும் முகம் காட்டி அறிமுகப்படுத்துவார். டைட்டில் கார்டில் பெயர் ஓடி மறைவதையே பாக்கியமாக நினைத்த எங்கள் ஜாதிக்கு அது பெரிய மரியாதை.

அகதா கிறிஸ்டியின் கதையைத் தழுவிய 'நடு இரவில்' 1965இலேயே தயார். வாங்க ஆளில்லாமல் பெட்டி தூங்கியது. 1970இல்தான் தியேட்டருக்கு வந்தது. அதுவே அவருடைய கடைசிப் படம். அதன்பின் முழுக்க வீணைதான். 72 மேளகர்த்தா ராகங்களையும் இசைத்தட்டில் பதிந்தார். 1982இல் பத்மபூஷண். 1990இல் பிலாயில் காலமானார்.

சொந்தக் கம்பெனி வேண்டாம் என்று நான் தடுப்பதில்லை. ஆரம்பிக்கிறவன் முதலில் விநியோகஸ்தரைப் பிடித்து வைத்துக்கொள்ள வேண்டும் என்பேன். பாலசந்தருக்கு விற்காத படத்துக்குப் பின்னால் வீணை இருந்தது. நம்மில் எத்தனை பேருக்கு அப்படி ஒன்று இருக்கிறது?