வாவெல் குன்றின் மணி

அரசர் வாழ்ந்த மாளிகைகளையும் அவர் முடிபுனைந்த ஆலயங்களையும் சுற்றிப் பார்க்கச் செல்வோர் வழக்கமாகக் கேட்கும் கேள்விகள் இரண்டு. இதைக் கட்டுவித்தவர் யார்? எந்த ஆண்டிற் கட்டுவித்தார்? இவ்விரண்டுக்கும் வழிகாட்டிகள் சளையாது விடை பகர்வர். மூன்றாவது கேள்வியொன்றும் உண்டு. கட்டுவதற்கான பணம் எங்கிருந்து வந்தது என்பதே அது. விருந்துக்குச் சென்ற வீட்டிற் கேட்கத் தகாத கேள்வியைப் போல, அது எவர் நாவிலும் எளிதில் எழுவதில்லை. வரலாறு கற்பிக்கும் நாமுங்கூட அரசனின் பெயரையும் ஆண்டையும் கரும்பலகையில் எழுதிவிட்டு அடுத்த பாடத்துக்குச் சென்றுவிடுகின்றோம். போலந்து நாட்டின் கிராக்கோ நகரில், வாவெல் குன்றின்மேல் ஒரு பகற்பொழுதைக் கழித்தபோது இம்மூன்றாவது கேள்வி எம்மை விடாது பின்தொடர்ந்தது. அதற்குக் காரணமாயிருந்தது ஒரு மணி.

விஸ்துலா ஆறு வளைந்தோடும் இடத்திற் சுண்ணக்கற் பாறையாய் எழுந்து நிற்பது வாவெல். அதன் உச்சியில் அரண்மனையும் பேராலயமும் ஒன்றையொன்று ஒட்டியவாறு நிற்கின்றன. அரசனும் ஆயரும் அங்கே அண்டை வீட்டார். சரிவுப் பாதையில் ஏறும்போது பக்கச் சுவரிற் பதித்த கற்களில் வரிசை வரிசையாகப் பெயர்கள் தெரிகின்றன. 1921ஆம் ஆண்டு முதலாக, பாழடைந்திருந்த அரண்மனையைப் புதுப்பிக்கப் பணம் கொடுத்தோரின் பெயர்கள் அவை. பாதையின் மேல்முனையிற் கொஷ்சியூஷ்கோ குதிரைமீது அமர்ந்திருக்கிறார். நாஸிகள் 1940இல் தகர்த்த சிலைக்கு ஈடாக, ஜேர்மனியின் திரெஸ்தன் நகரம் 1960இல் அளித்த சிலை அது. எமக்கு வழிகாட்டியாக வந்தவர் தலை நரைத்த ஓர் அம்மையார். வகுப்பெடுத்துப் பழகியவருக்குரிய கண்டிப்பு அவர் பேச்சிலிருந்தது. பின்தங்கி நின்றவர்களை அவர் குடையால் தரையைத் தட்டி அழைத்தார்.

முதலிற் பேராலயத்துட் சென்றோம். 1320இல், "முழங்கையளவினன்" என்று பட்டப்பெயர் பெற்ற விளாதிஸ்லாவ் இக்குன்றின் ஆலயத்தில் முடிசூடினான். அது தொடக்கம் 1734இல் மூன்றாம் ஔகுஸ்த் முடிசூடியது வரை, போலந்தின் மன்னர் பெரும்பாலோர்க்கு முடிசூட்டு விழா இங்கேதான் நடைபெற்றது. இறந்தபின் அவர்கள் வந்து கிடந்ததும் இங்கேதான். இன்று நாம் காணும் கோதிக் கட்டடம் 1364இல் அர்ச்சிக்கப்பட்டது. அதனைச் சுற்றிப் பல நூற்றாண்டுகளாகச் சிற்றாலயங்கள் எழுந்து, இடுக்கின்றி நெருங்கி நிற்கின்றன.

அரசர்களின் கல்லறைகளுக்கிடையே எம்மை நெடுநேரம் நிற்கவைத்தது ஒரு பெண்ணின் கல்லறை. யாத்விகா 1384இல், இன்னும் சிறுமியாயிருக்கையில், அரசியாக அன்றி "அரசன்" என்னும் பட்டத்துடனேயே முடிசூடியவள். 1399இல் இறந்தபோது தன் அணிகலன்களைக் கிராக்கோவின் பல்கலைக்கழகத்தைப் புதுப்பிப்பதற்கென விட்டுச் சென்றாள். 1400இல் உயிர்பெற்றெழுந்த அக்கழகத்திலேதான், ஒரு நூற்றாண்டு கழியுமுன் கொப்பர்னிக்கஸ் மாணவனாயிருந்தான். அவளுடன் புதைக்கப்பட்டிருந்த செங்கோலும் உருண்டையும் பொன்முலாம் பூசிய மரத்தாலானவை. பொன்னை எல்லாம் பள்ளிக்குக் கொடுத்துவிட்டு மரச் செங்கோலுடன் மண்ணிற் போனவளைப் பற்றி ஆசிரியத் தொழில் புரிவோர் சற்று உணர்ச்சிவசப்படுதல் இயல்பே. ஆயினும் அவ்வணிகலன்களும் எங்கிருந்தோ வந்தவைதாம்.

அடுத்து, பொற்கவிகை வேய்ந்த சிகிஸ்மண்ட் சிற்றாலயம். முதலாம் சிகிஸ்மண்ட் மன்னனுக்காகப் புளோரன்ஸைச் சேர்ந்த பர்த்தலோமியோ பெரெச்சி 1519இல் தொடங்கி எழுப்பியது, 1533இல் அர்ச்சிக்கப்பட்டது. இத்தாலிய மறுமலர்ச்சிக் கலை ஆல்ப்ஸ் மலைக்கு வடக்கே பெற்ற மிகத் தூய வடிவங்களுள் ஒன்று எனக் கலையறிஞர் இதனைப் போற்றுவர். கவிகையின் உச்சியில், ஒளி புகும் சிறு கூண்டின் உட்புறத்திலே, பெரெச்சி தன் பெயரைப் பொறித்துவைத்தான். "புளோரன்ஸின் தொழிலாளன்" என்ற பொருள்படவே தன்னைக் குறித்தான். கீழே செம்பளிங்கில் அரசன் படுத்திருக்க, அவன் முகத்துக்கு நேர்மேலே தொழிலாளனின் பெயர் நிற்கின்றது! 1537இல் பெரெச்சி இதே நகரிற் கொலையுண்டு மாண்டான். அவனுக்குக் கல் வெட்டிக் கொடுத்தவர்கள் தம் பெயரைப் பொறிக்கத்தக்க கூண்டு எதுவும் இருக்கவில்லை.

பின்னர் மரப் படிகளில், விட்டங்களுக்கிடையே குனிந்தும் ஒதுங்கியும், மணிக்கோபுரத்தின் உச்சிக்கு ஏறினோம். சிகிஸ்மண்ட் மணி அங்கே தொங்குகின்றது. நியூரம்பேர்க் நகரத்து ஹான்ஸ் பேஹம் வார்த்தது. அதனை அசைப்பதற்குப் பன்னிருவர் கயிறு பிடித்து இழுக்கவேண்டும். பெருநாள்களிலும் நாட்டின் முக்கிய நாள்களிலும் மாத்திரமே ஒலிக்கும் அம்மணி, நாம் சென்ற அன்று வாய்திறவாதிருந்தது. அதன் மேனியிற் பொறித்த இலத்தீன் எழுத்துகளை அம்மையார் விரலாற் சுட்டி வாசித்தார். இறைவனுக்கும் கன்னி மரியாளுக்கும் சிகிஸ்மண்ட் மன்னன் செய்வித்தது, ஆண்டு 1520.

அந்த ஆண்டு எமக்கு வேறொரு வகையிற் பழக்கமானது. போலந்தின் குடியானவர் வரலாற்றைக் கற்றவர் எவரும் அதனை மறந்திரார். அதே 1520ஆம் ஆண்டிலேதான் தோருனிலும் பிட்கோஷ்சிலும் கூடிய பிரபுக்களின் மன்றம் ஒரு சட்டத்தை இயற்றியது. நிலம் பெற்றுப் பயிரிடும் குடியானவன் வாரத்தில் ஒரு நாளேனும் பிரபுவின் வயலிற் கூலியின்றி ஊழியம் செய்தாகவேண்டும் என்பது அதன் சாரம். ஒரு நாள்தானே என எண்ணுதல் தவறு. அது கீழெல்லையேயன்றி மேலெல்லையன்று. பதினேழாம் நூற்றாண்டிற் பல இடங்களில் அது மூன்று, நான்கு நாள்களாயிற்று. அத்தகைய ஊழியத்துக்கு உட்படாமல் ஊரைவிட்டு ஓடலாமே என்றால், அவ்வழி முன்னரே அடைபட்டிருந்தது. 1496இன் பியோட்ர்கூவ் சட்டப்படி, ஒரு கிராமத்திலிருந்து ஆண்டுக்கு ஒரு குடியானவனே வெளியேறலாம். பிரபுவின் கொடுமையை அரசனிடம் முறையிடலாமே என்றால், அக்கதவையும் 1518இல் இதே சிகிஸ்மண்ட் சாத்திவிட்டான். தனியார் நிலங்களிலுள்ள குடியானவர் தம் பிரபுக்கள்மீது கொண்டுவரும் வழக்குகளை அரச நீதிமன்றம் இனி ஏற்காது என அவன் இணங்கினான். மூன்று சட்டங்களையும் அடுத்தடுத்து வைத்துப் பார்த்தால் அவை ஒரே பூட்டின் மூன்று பகுதிகள் என்பது விளங்கும். கடைசித் திறப்பைத் திருப்பிய ஆண்டிலேதான் பெருமணி வார்க்கப்பட்டது.

இக்கொடுமைக்குப் பிரபுக்களின் கெட்ட குணத்தைக் காரணங் காட்டுவது போதாது. மேற்கு ஐரோப்பாவின் நகரங்கள் பெருகின. அவற்றுக்குத் தானியம் வேண்டியிருந்தது. போலந்தின் கம்பும் கோதுமையும் விஸ்துலாவிற் படகேறி, கிடான்ஸ்க் துறைமுகம் சேர்ந்து, அங்கிருந்து கப்பலில் ஒல்லாந்துக்குச் சென்றன. விலை ஏற ஏற, பிரபுவுக்குக் குடியானவனின் வரிப்பணத்தைவிட அவனது உழைப்பே இலாபமாயிற்று. மேற்கிற் கூலியுழைப்பும் வணிக முதலும் வளர்ந்த அதே காலத்தில், அதே சந்தையின் இழுப்பினாலேயே, கிழக்கில் மனிதன் மண்ணோடு பிணைக்கப்பட்டான். ஒன்று முன்னேற்றம், மற்றையது பின்னடைவு என்று வகுப்பறையில் இரண்டு அத்தியாயங்களாகப் பிரித்துப் படிப்பிப்பது எவ்வளவு பிழையானது என்பதை நாம் சிந்தித்தல் வேண்டும்.

மணியடியில் நின்றுகொண்டு, "இவையனைத்துக்கும் பணம் எங்கிருந்து வந்தது?" என்று நாம் அம்மையாரிடம் கேட்டே விட்டோம். அவர் சிரித்தார். "உப்பு" என்று ஒரே சொல்லிற் பதிலிறுத்துவிட்டு, கோபுரத்தின் தென்கிழக்குத் திசையைக் காட்டினார். அத்திசையில், பத்துக் கல் தொலைவுக்குள், வியெலிச்கா உப்புச் சுரங்கம் இருக்கிறது. 14ஆம் நூற்றாண்டில் அரச கருவூலத்தின் வருவாயில் மூன்றிலொரு பங்கு உப்பிலிருந்தே வந்ததெனக் கணிப்பர். சிகிஸ்மண்டின் காலத்தில் அச்சுரங்கத்தை நடத்தியவனும் அரசனுக்குக் கடன் கொடுத்தவனும் ஒருவனே: யான் போனர் என்னும் வணிகன். அவன் சகோதரனின் மகன் செவெரின் போனர், அரண்மனைக் கட்டட வேலையின் கணக்குவழக்குகளைப் பார்த்தான். நிலத்தடி இருளிற் பாறையுப்பை வெட்டி உருளைகளாக்கி உருட்டி வந்தவனுக்கும், பெரெச்சியின் பொற்கவிகைக்கும் இடையே உள்ள தொலைவு இந்த ஒரு குடும்பத்தின் கணக்குப் புத்தகம்தான். உப்போடு அரச நிலங்களின் விளைவும் சேர்ந்தது. அந்நிலங்களிலும் உழுதவன் ஊழியக்காரனே.

அரண்மனைக்கு வந்தபோது நண்பகல் கடந்துவிட்டது. மூன்று தளங்களாக வளைவுகள் எழுந்து நிற்கும் அதன் உள்முற்றத்தின் அழகை மறுப்பது நேர்மையாகாது. இக்கால்களும் வளைவுகளும் எவ்வளவு இலேசாய் நிற்கின்றன! மேல்தளத்திலே தூதுவர் மண்டபம் என வழங்கும் பிரதிநிதிகளின் கூடம் இருக்கிறது. பிரபுக்களின் பிரதிநிதிகள் கூடி, அரசனோடு சட்டம் பேசிய இடம். அவர்கள் சம்மதமின்றிப் புதிய சட்டம் எதுவும் இயற்றலாகாது என 1505இலேயே உறுதிபெற்றிருந்தது. ஐரோப்பிய மக்களாட்சியின் முன்னோடி என்று அதனைப் பாராட்டுவோர் உளர். பாராட்டுக்கு இடமில்லாமலில்லை, ஆனால் குடியானவனின் பிரதிநிதி எவனும் அக்கூடத்தில் அமர்ந்ததில்லை.

அமர்ந்ததில்லைதான், எனினும் அண்ணாந்து பார்த்தால் வேறொரு கூட்டம் தெரிகின்றது. மரக்கூரையின் சதுரங்கள்தோறும் மனிதத் தலைகள் செதுக்கிப் பதிக்கப்பட்டிருந்தன. 1540ஐ அண்டிய காலத்தில் செபஸ்தியான் தவர்பாக்கும் அவன் தோழர்களும் செதுக்கிய அத்தலைகள் மொத்தம் 194; இன்று எஞ்சியவை 30. முடிதரித்தவருண்டு, வீரருண்டு, நகரத்து ஆடவரும் பெண்டிரும் உண்டு. அவற்றுள் ஒரு பெண்ணின் வாய் துணியாற் கட்டப்பட்டிருக்கின்றது. அதற்கொரு கதையுண்டு. சிகிஸ்மண்ட் ஔகுஸ்த் மன்னன் ஓர் ஏழைப் பெண்ணின் வழக்கைக் கேட்டுத் தவறாகத் தீர்ப்புக் கூற முற்பட்டானாம். அப்போது கூரையிலிருந்த இத்தலை, நீதியாகத் தீர்ப்பிடு என அவனைப் பெயர்சொல்லி அழைத்து எச்சரித்ததாம். அரசன் தீர்ப்பைத் திருத்திக்கொண்டான். பிறகு ஆளனுப்பித் தலையின் வாயைக் கட்டச் செய்தான்.

சுற்றி நின்றோர் சிரித்தனர். வழிகாட்டிகள் சொல்லும் கதைகளுள் இது சிரிக்கவேண்டிய இடந்தான். நாம் 1518ஐ நினைத்தோம். அரசனின் நீதிமன்றத்திற் குடியானவனின் வாயைச் சட்டம் கட்டியது. கதையோ கூரைத் தலையின் வாயைக் கட்டியது. ஏட்டறிவற்ற மக்கள் வாய்வழிக் கதைகளில் எதனைப் பாதுகாத்து வைக்கின்றனர் என்பது ஆராயத்தக்க பொருள். பக்கத்து அறைகளில் இரண்டாம் சிகிஸ்மண்ட் பிரசெல்ஸில் நெய்வித்த பெருந்திரைகள் தொங்குகின்றன. அவற்றுள் ஒன்றிலே பாபேல் கோபுரம் எழும்புகின்றது. அங்கே வேலையாள்கள் உழைக்கக் கண்டோம். 1939இல் போர் மூண்டதும் இத்திரைகளை ஆற்றுவழி ஏற்றி, உருமேனியா, பிரான்ஸ், இங்கிலாந்து எனக் கடத்திக் கனடாவரை கொண்டுசென்றனர். 1961இலேதான் அவை வீடு திரும்பின.

பிற்கால வரலாறு விரைவிற் சொல்லத்தக்கது. அரசவை 17ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் வார்சாவுக்குப் பெயர்ந்தது. 1795இல் பிரசியர் முடியணிகளைக் கொள்ளையிட்டுப் பின்னர் உருக்கிவிட்டனர். ஒஸ்திரியர் அரண்மனையைப் படைமுகாமாக்கி, முற்றத்தின் வளைவுகளைச் சுவர் வைத்து அடைத்தனர். 1939இல் ஹிட்லரின் ஆளுநன் ஹான்ஸ் பிராங் இங்கு குடியேறினான். அவ்வாண்டு நவம்பர் 6ஆந் தேதி, விரிவுரையொன்று கேட்க வாருங்கள் என அழைக்கப்பட்ட பல்கலைக்கழக ஆசிரியர்கள் 180 பேருக்கு மேல் மண்டபத்திலேயே கைதாகிச் சாக்சென்ஹவுசன் முகாமுக்கு அனுப்பப்பட்டனர். யாத்விகாவின் அணிகலன்களால் உயிர்பெற்ற அதே கழகந்தான். பிராங் 1946இல் தூக்கிலிடப்பட்டான்.

கடைசியாக அம்மையார் எம்மை மீண்டும் பேராலயத்தின் நிலவறைக்கு அழைத்துச் சென்றார். அங்கே மன்னரல்லாதார் சிலரும் துயில்கின்றனர்: 1890இற் கொண்டுவரப்பட்ட கவிஞர் மிட்ஸ்கியேவிச், 1927இல் வந்த கவிஞர் சுவோவாட்ஸ்கி. இக்குன்றிற் கிடக்கத் தகுதியுடையவர் யார் என்ற வாதம் இன்றும் ஓயவில்லை. 2010இல் விமான விபத்தில் மாண்ட குடியரசுத் தலைவரை இங்கே அடக்கியபோதும் தெருவில் எதிர்ப்பெழுந்தது. நாம் நின்றது கொஷ்சியூஷ்கோவின் பெட்டியருகில். 1794இல் அவர் கிராக்கோவின் சந்தைச் சதுக்கத்தில் உறுதிமொழி கூறிக் கிளர்ச்சியைத் தொடங்கினார். ராட்சுவாவிட்ஸே போர்க்களத்தில், அரிவாளை நிமிர்த்திக் கட்டிய கழிகளோடு ருசியப் பீரங்கிகள்மேற் பாய்ந்தவர்கள் குடியானவர்கள். மே 7ஆந் தேதி அவர் பொவானியெட்ஸில் விடுத்த அறிக்கை, குடியானவனுக்கு ஆள் விடுதலையளித்து ஊழிய நாள்களைக் குறைத்தது. கிளர்ச்சி அவ்வாண்டிலேயே முறியடிக்கப்பட, அறிக்கையும் உடன் மடிந்தது. ஊழியம் ஒழிவதற்கு ஒஸ்திரிய ஆட்சியிலிருந்த கலீசியா 1848 வரையும், ருசிய ஆட்சிப் பகுதி 1864 வரையும் காத்திருந்தன. 1520இலிருந்து எண்ணினால் முந்நூறு ஆண்டுகளுக்கு மேல்.

கொஷ்சியூஷ்கோவின் உடல் 1818இல் இங்கு வந்தது. அரிவாள் ஏந்தியோரிற் பலர் எங்கே புதைக்கப்பட்டனர் என்பதற்குக் கல்லில்லை.

வெளியே வந்து விடைபெறும்போது, "நாளை எங்கே செல்லப்போகிறீர்கள்?" என்று அம்மையார் கேட்டார். வியெலிச்காவுக்கு என்றோம். அங்கே மரப் படிகள் நூற்றுக்கணக்கில் இறங்கவேண்டியிருக்கும், நல்ல சப்பாத்து அணிந்து செல்லுங்கள் என்று சொல்லிவிட்டு, குடையை விரித்துக்கொண்டு அடுத்த குழுவிடம் போனார். நாம் பெயர்க் கற்கள் பதித்த சுவரோரமாக இறங்கினோம்.