ஞாயிற்றின் மீது பழி!

ஊரில் மாடு செத்தால் கிரகம், மழை பொய்த்தால் கிரகம், மகளின் திருமணம் தள்ளிப்போனால் கிரகம் என்று சொல்லிக் காசு வாங்கும் பஞ்சாங்கத்தாரை நாம் அறிவோம். கணக்கும் தருக்கமும் கரைகண்ட பேராசிரியர் ஒருவர், ஆலைகள் மூடப்படுவதற்கும் வங்கிகள் கவிழ்வதற்கும் வானத்திலே காரணம் கண்டார் என்றால் நம்புவீர்களா? கண்டார்! லண்டன் மாநகரில் பொருளாதாரம் கற்பித்த வில்லியம் ஸ்டான்லி ஜெவான்ஸ் என்பது அவர் பெயர். ஞாயிற்றின் முகத்தில் கரும்புள்ளிகள் பெருகிக் குறைவது ஏறத்தாழப் பத்தரை ஆண்டுகளுக்கு ஒருமுறை நிகழ்கிறது. வாணிக நெருக்கடியும் அதே கால அளவில்தான் வருகிறது. ஆகவே முன்னது காரணம், பின்னது விளைவு என்று 1878-இல் எழுதினார்.

இடையிலே ஒரு சங்கிலியும் கோத்துக் காட்டினார். ஞாயிற்றின் வெப்பம் மாறினால் இந்தியாவில் விளைச்சல் மாறும். விளைச்சல் குன்றினால் உழவன் கையில் காசு இராது. காசற்றவன் லங்காஷயர் துணியை வாங்கான். துணி தேங்கினால் தறி நிற்கும். அவர் இதை எழுதிய நாட்களில், 1876 முதல் 1878 வரை நீடித்த தாது வருடப் பஞ்சம் தமிழ்நாட்டு ஊர்களை வாரி விழுங்கியிருந்தது. மடிந்தவர் பல இலட்சம். பேராசிரியரின் கணக்கிலே அவர்கள், துணி வாங்க வராமற்போன வாடிக்கைக்காரர்கள்!

ஆயினும் அவரை எள்ளி நகையாடிவிட்டு நகர மனம் வரவில்லை. 1840-களில் இங்கிலாந்தில் இருப்புப்பாதைக் கம்பெனிகளின் பங்குகளை வாங்கிக் குவிக்கும் வெறி மூண்டு, பிறகு அது முறிந்தபோது, லிவர்பூலில் இரும்பு வாணிகம் நடத்திவந்த அவர் குடும்பம் நொடித்துப் போயிற்று. அப்போது அவர் பன்னிரண்டு வயதுச் சிறுவர். அடிபட்ட வீட்டுப் பிள்ளை, அடித்த கை எது என்று தேடியதில் பிழையில்லை. தேடிய கண்கள் ஆலையையும் வங்கியையும் தாண்டி ஆகாயத்துக்குப் போய்விட்டன, அவ்வளவே.

ஞாயிறு பின்னர் குற்றமற்றவன் என்று விடுதலை பெற்றான். பெரிய நெருக்கடிகளை மட்டும் எடுத்துக்கொண்டாலும் 1825, 1847, 1857, 1866, 1873, 1890, 1907, 1929, 2008 என்று நீளும் வரிசை எந்தக் கரும்புள்ளிக் கணக்கிலும் அடங்குவதில்லை. 1929-இல் சரிவு வந்தபோது புள்ளிகள் மிகுந்திருந்தன. 2008-இல் வந்தபோது அருகியிருந்தன. சரி, வானம் குற்றவாளி இல்லையென்றால், பிறகு யார்?

பழங்காலத்துப் பசிக்குக் காரணம் எளிது. மழை இல்லை, அல்லது மன்னர்கள் போரிட்டனர். களஞ்சியம் காலி, வயிறும் காலி. முதலாளித்துவம் தந்த பசியோ புது மாதிரி. களஞ்சியம் நிரம்பி வழியும், வயிறு காலி! பிரெஞ்சு மொழியில் எழுதிய சிஸ்மாந்தி என்னும் அறிஞர் 1819-லேயே இதைக் கண்டு எச்சரித்தார். ஆலை முதலாளி ஒவ்வொருவருக்கும் கூலி என்பது செலவு, குறைத்தால் இலாபம். ஆனால் எல்லா ஆலைகளின் கூலியும் சேர்ந்ததுதான், அந்த ஆலைகளின் சரக்கை வாங்கவேண்டிய மக்களின் மடிச்சீலை. தனித்தனியே ஒவ்வொருவரும் அதைச் சுருக்க, எல்லாரும் ஒன்றாகக் கடையைத் திறந்து வைத்துக்கொண்டு, வாங்க ஆளில்லையே என்று திகைக்கின்றனர். திகைப்பைச் சில காலம் ஒத்திப்போட ஒரு வழி உண்டு. அதன் பெயர் கடன்.

1920-களில் அமெரிக்கா அந்த வழியிலே நடந்தது, இல்லை, ஓடிற்று. தவணையில் மோட்டார், தவணையில் வானொலிப் பெட்டி. பங்குச் சந்தையிலோ, நூறு டாலர் பங்குக்குப் பத்து டாலர் கைக்காசு போதும். மீதியைத் தரகர் கடனாகத் தருவார். விலை ஏறுமட்டும் எல்லாரும் மேதைகள். 1929 அக்டோபர் 24, வியாழக்கிழமை, சந்தை சரியத் தொடங்கிற்று. 29-ஆம் நாள் ஒரே நாளில் ஒரு கோடியே அறுபது இலட்சத்துக்கும் மேற்பட்ட பங்குகள் கைமாறின. அவ்வாண்டு செப்டம்பரில் 381 என நின்ற டோ ஜோன்ஸ் குறியீட்டெண் 1932 ஜூலையில் 41-க்கு இறங்கிற்று. 1933-இல் உழைக்கத் தக்க அமெரிக்கரில் நால்வருக்கு ஒருவர் வேலையற்றவர். ஜெர்மனியில் அறுபது இலட்சம் பேர் வேலையின்றி நின்றனர். அந்தப் பட்டினிக் கும்பலின் தோளிலே ஏறி வந்தவன் யார் என்பதை உலகம் அறியும்.

வேலை இல்லை, கூலி இல்லை, உணவு இல்லை. அப்படியானால் நிலம் பொய்த்ததா? கேளுங்கள் வேடிக்கையை!

பிரேசில் நாட்டில் காப்பிக்கொட்டை மலைமலையாக விளைந்து கிடந்தது. விலை விழுந்தது. அரசு என்ன செய்தது? கொளுத்திற்று! 1931 முதல் 1944 வரை அழிக்கப்பட்டவை, அறுபது கிலோ கொண்ட மூட்டைகள் ஏழு கோடியே எண்பது இலட்சம். அந்நாளில் உலகமே ஏறத்தாழ மூன்றாண்டுகள் அருந்தியிருக்கக்கூடிய அளவு. இரயில் எஞ்சின்களில் நிலக்கரிக்கு மாற்றாகக் காப்பிக்கொட்டையை எரித்ததும் உண்டு. மணம் கமழ்ந்திருக்கும்!

அமெரிக்காவில் 1933-இல் புதிய அரசு, உழவரைக் காக்க ஒரு சட்டம் இயற்றிற்று. ஏறத்தாழ ஒரு கோடி ஏக்கரில் வளர்ந்து நின்ற பருத்தியை உழுது மண்ணில் புதைத்தால் பணம் தரப்படும் என்றனர். ஏர் பூட்டிய கோவேறு கழுதைகள், செடியை மிதிக்காமல் பாத்தி நடுவே நடக்கப் பழக்கப்பட்டவை; பருத்தியின் மேலே நடக்க மறுத்து முரண்டு பிடித்தன என்று அந்நாளில் பலரும் கூறினர். பிறகு அறுபது இலட்சம் பன்றிகள், பெரும்பாலும் குட்டிகள், விலையை உயர்த்துவதற்காக வெட்டப்பட்டன. எதிர்ப்புக் குரல் எழுந்தது. இறைச்சியில் ஒரு பகுதி ஏழைகளுக்கு வழங்கப்பட்டது. அதையும் சொல்லவேண்டும், இல்லையேல் நேர்மையாகாது.

இதைச் செய்தவர்கள் அரக்கர்கள் அல்லர். வேளாண்மை அமைச்சர் ஹென்றி வாலஸ், உழவர் மீது பரிவுள்ளவர். பருத்தி விலை உயர்ந்தது, நிலமுடையோர் ஓரளவு மூச்சுவிட்டனர் என்பதும் உண்மை. சந்தைக்காக விளைவிக்கும் முறைக்குள் நின்று பார்த்தால், பசித்தவன் இருக்கும் நாட்டில் உணவை அழிப்பது அறிவுடைய செயலாகவே தோன்றும். என்னைக் கலங்க வைப்பது இதுவே. தீயவன் ஒருவன் செய்தான் என்றால் அவனை விரட்டலாம். நல்லவர்களையே இப்படிச் செய்ய வைத்த முறையை என்ன செய்வது?

அரசு தந்த பணம் நிலக்கிழாரின் கைக்குப் போயிற்று. பயிரிடும் பரப்புச் சுருங்கவே, தென் மாநிலங்களில் வாரத்துக்கு உழுத குடியானவர்கள், நீக்ரோ மக்களும் ஏழை வெள்ளையரும், குடிசையை விட்டு வெளியேற்றப்பட்டனர். 1934-இல் ஆர்க்கன்சாஸ் மாநிலத்தில் அவர்கள் இரு நிறத்தாரும் சேர்ந்து குடியானவர் சங்கம் அமைத்தனர். நிறவெறி கோலோச்சிய மண்ணில் அது சிறு செயல் அன்று.

நியூயார்க்கில் விழுந்த இடி கடல் கடந்து நம்மவர் தலையிலும் இறங்கிற்று. அமெரிக்கன் மோட்டார் வாங்கவில்லை. டயருக்கு ரப்பர் வேண்டியதில்லை. 1925-இல் லண்டனில் ஒரு இராத்தல் நான்கு ஷில்லிங்குக்கும் மேல் விற்ற ரப்பர், 1932-இல் மூன்று பென்சுக்கும் கீழே போயிற்று. மலேயாத் தோட்டங்களில் பால் வெட்டிய தமிழனுக்கு முதலில் கூலி குறைந்தது, அடுத்து வேலை போயிற்று, அப்புறம் கப்பல் சீட்டு வந்தது. 1930 முதல் 1932 வரை ஒன்றரை இலட்சத்துக்கும் மேற்பட்ட இந்தியர், பெரும்பாலும் தமிழர், திருப்பி அனுப்பப்பட்டனர். கங்காணியின் சொல்லை நம்பிப் போனவர்கள், போனபோது இருந்த வறுமைக்கே வந்து சேர்ந்தனர். 1934-இல் ரப்பர் விளைவிக்கும் நாடுகள் கூடி, உற்பத்திக்கு வரம்பு கட்டி விலையைத் தூக்கி நிறுத்த ஒப்பந்தம் செய்தன. மரத்துக்கு ஓய்வு தந்து முதலைக் காக்க வழி கண்டவர்கள் அவர்கள். கூலிக்கு அப்படியொரு வரம்பை யாரும் கட்டவில்லை.

இவையெல்லாம் பழங்கதை என்பாருண்டு. 2008 செப்டம்பர் 15-ஆம் நாள் லேமன் பிரதர்ஸ் நிறுவனம் திவாலானபோதும் அமெரிக்காவில் பற்றாக்குறை ஏதுமில்லை. வீடுகள் வேண்டிய மட்டும் இருந்தன! திருப்பித் தர இயலாதவர்களுக்கும் வீட்டுக் கடன் கொடுத்து, அந்தக் கடன் பத்திரங்களைக் கட்டுக்கட்டாக விற்று, விற்றதன் மேல் பந்தயமும் கட்டியிருந்தனர். குடும்பங்கள் இலட்சக்கணக்கில் தெருவுக்கு வர, அவர்கள் இருந்த வீடுகள் பூட்டிக் கிடந்தன. நிதி நிறுவனங்களைக் காக்க அமெரிக்க அரசு எழுபதாயிரம் கோடி டாலர் வரை செலவிட அக்டோபரில் சட்டம் வந்தது. அரசுப் பணத்தால் உயிர் பிழைத்த ஏ.ஐ.ஜி. காப்பீட்டு நிறுவனம், 2009 மார்ச்சில், எந்தப் பிரிவின் பந்தயங்கள் அதைக் கவிழ்த்தனவோ அந்தப் பிரிவின் ஊழியருக்குப் பதினாறரைக் கோடி டாலர் போனஸ் வழங்கிற்று. ஏன் என்று நாடு கேட்டது. ஒப்பந்தத்தில் எழுதியிருக்கிறது, மீற முடியாது என்றனர்.