கரி பூசினால் கைதட்டல், பூசாவிட்டால் கல்

தோழர்களே, அனந்தபுரம், செஞ்சி பக்கம் கூத்து பார்த்து வளர்ந்தவர்களுக்குக் கட்டியக்காரனைத் தெரியும். ராஜாவையே கிண்டல் செய்வான், சபை சிரிக்கும். விடிந்ததும் அந்த உரிமை முடிந்துவிடும். அமெரிக்க மௌனப்படத்தில் அப்படிச் சிரிக்கவைத்த ஒரு கலைஞரின் கதை இது.

பெர்ட் வில்லியம்ஸ் 1874இல் பஹாமாஸில் பிறந்த கறுப்பினக் கலைஞர். 1910 முதல் நியூயார்க்கின் 'சீக்ஃபெல்ட் ஃபாலீஸ்' மேடையில் வெள்ளையர்களுக்கு நடுவே நட்சத்திரமாக இருந்தார். ஆனாலும் முகத்தில் கரி பூசித்தான் மேடையேறினார். கறுப்பரைக் கேலி செய்ய வெள்ளை நடிகர்கள் கண்டுபிடித்த வேடம் அது. கறுப்பரே நடித்தாலும் பார்வையாளர்கள் அந்தக் கரியைத்தான் எதிர்பார்த்தார்கள்.

1916இல் பயோகிராஃப் நிறுவனத்துக்காக 'எ நேச்சுரல் பார்ன் கேம்ப்ளர்' என்ற நகைச்சுவைக் குறும்படத்தில் நடித்தார். அதில் அவர் ஒரு சூதாடி எத்தன். போலீஸ் பிடித்துச் சிறையில் போடுகிறது. கையில் சீட்டு இல்லை, எதிரே ஆளும் இல்லை. ஆனாலும் கற்பனைச் சீட்டைக் கலைத்துப் போடுகிறார், பந்தயம் வைக்கிறார், கடைசியில் அந்தக் கற்பனை ஆட்டத்திலும் தோற்கிறார். வசனமில்லாத அந்தச் சில நிமிடங்களில் கரியைத் தாண்டி ஒரு மகா கலைஞன் தெரிகிறான்.

இதற்கு முன்பே, 1913இல், கறுப்பின நடிகர்களை வைத்து அதே நிறுவனம் எடுத்த இன்னொரு படத்திலும் அவர்தான் நாயகன். கரி பூசிய முகம்தான். ஆனால் அங்கே அவர் காதலிக்கிறார், காதலியை முத்தமிடுகிறார். அந்தப் படம் முடிக்கப்படாமலே கிடந்தது. நியூயார்க் நவீன கலை அருங்காட்சியகம் அதன் படச்சுருள்களைத் தொகுத்து 2014இல்தான் திரையிட்டது. சூதாடி உடனே திரைக்கு வந்தான். காதலன் நூறு வருடம் காத்திருந்தான்.

இது அமெரிக்கக் கதை மட்டுமா? மலையாளத்தின் முதல் மௌனப்படம் 'விகதகுமாரன்'. அதில் தலித் பெண்ணான பி.கே. ரோசி நாயர் பெண்ணாக நடித்தார். சாதி வெறியர்கள் கல்லெறிந்தார்கள். அவர் ஊரைவிட்டே ஓட வேண்டியிருந்தது.

ஒடுக்கப்பட்டவர் திரையில் வருவதை ஆதிக்கம் எப்போதும் தடுப்பதில்லை. எந்த வேடத்தில் வரலாம் என்பதைத்தான் அது தீர்மானிக்கிறது. சிரிக்கவைத்தால் கைதட்டும், கண்ணியமாக நின்றால் கல்லெடுக்கும்.

அதனால் அடுத்த படம் பார்க்கும்போது நம் ஆட்களுக்கு வேடம் கிடைத்ததா என்பதோடு நிறுத்திவிடாதீர்கள். அந்த வேடத்துக்குக் காதலிக்கவும் ஜெயிக்கவும் உரிமை இருக்கிறதா என்றும் கேளுங்கள்.